பதினெட்டு நகங்கள்

1

மிளகுக்குப் பதினெட்டு நகங்கள். முன்கால்களில் ஐந்தைந்து, பின்கால்களில் நான்கு நான்கு. பதினெட்டும் கறுப்பு. மூன்று வருடங்களுக்கு முன் ஒரு ஞாயிற்றுக்கிழமை இரவு, முதன்முதலாக நகவெட்டியோடு அவள் முன்னால் உட்கார்ந்தேன். மனைவி அவளைத் துண்டால் சுற்றி மடியில் இறுக்கிப் பிடித்துக்கொண்டாள். ஆறு நகங்கள் ஒழுங்காகப் போயின. ஏழாவதில் மிளகு கத்தினாள்.

அவள் குரைத்து, முனகி, இடிச்சத்தத்துக்கு ஊளையிட்டு எல்லாம் கேட்டிருக்கிறேன். இந்தக் குரலை அதுவரை கேட்டதில்லை. கீழ்வீட்டுக்காரர் படியேறி வந்து, "என்னங்க, யாருக்காச்சும் அடிபட்டிருச்சா?" என்றார். வெள்ளை டைல்ஸில் சொட்டுச் சொட்டாக ரத்தம் கட்டில் வரைக்கும் போயிருந்தது. கட்டிலுக்கு அடியில் மிளகு.

நாயின் நகம் நம் நகம் மாதிரித் தட்டையானது இல்லை. உருண்டையான ஒரு கூடு. அதற்குள் ரத்தக்குழாயும் நரம்பும் ஓடுகிற சதை இருக்கிறது. ஆங்கிலத்தில் அதைக் குயிக் என்கிறார்கள். அந்தச் சொல்லுக்கு வேகம் என்ற பொருள் பின்னால் வந்து சேர்ந்தது; பழைய பொருள் 'உயிருள்ளது'. வெள்ளை நகமாக இருந்தால் வெளிச்சத்தில் அந்தச் சதை இளஞ்சிவப்பாகத் தெரியும், அதற்கு முன்பே நிறுத்திக்கொள்ளலாம். கறுப்பு நகத்தில் வெளியிலிருந்து பார்த்தால் எதுவும் தெரியாது. நுனியைக் கொஞ்சம் கொஞ்சமாகச் சீவ வேண்டும். ஒவ்வொரு தடவையும் வெட்டிய முகத்தைப் பார்க்க வேண்டும். நடுவில் கருமையாக ஒரு புள்ளி தெரிய ஆரம்பித்தால் அதோடு விட்டுவிட வேண்டும்.

இதெல்லாம் ரத்தத்தைத் துடைத்த பிறகு உட்கார்ந்து படித்தது. வெட்டுவதற்கு முன் நான் பார்த்தது ஒரு சின்ன வீடியோ. அதில் இருந்த நாய்க்கு வெள்ளை நகம்.

சோளமாவை நகத்தில் வைத்து அழுத்திப் பிடித்ததில் சில நிமிடங்களில் ரத்தம் நின்றது. ரத்தத்தை உறைய வைக்கிற பவுடர் கடையில் கிடைக்கும், நகவெட்டி வாங்கும்போதே வாங்கி வைத்திருக்க வேண்டும் என்பதும் அப்போதுதான் தெரிந்தது. மனைவி ஒன்றும் பேசாமல் தரையைத் துடைத்துக்கொண்டிருந்தாள். நான்தான் சொன்னேன்: "அவ நல்லதுக்குத்தான பண்ணோம்."

பதில் வரவில்லை. அந்த வாக்கியத்தை அன்றிலிருந்து உருட்டிக்கொண்டிருக்கிறேன். பொய்யான வாக்கியம் இல்லை அது. அதுதான் சிக்கல்.

2

நகம் வளர்ந்தால் என்ன ஆகும்? நாய் நிற்கும்போது நகம் தரையில் முட்டும். ஒவ்வொரு அடியிலும் தரை அந்த நகத்தை மேல்நோக்கித் தள்ளும். விரல்கள் விலகும், பாதம் ஊன்றும் விதம் மாறும், வழவழப்பான தரையில் வழுக்கும். எங்கேயாவது மாட்டினால் நகம் பிய்ந்துகொண்டு வரும். வெட்டாமல் விட்டால் உள்ளே இருக்கும் சதையும் நகத்தோடு சேர்ந்து நீளும். பிறகு வெட்டுவது இன்னும் கஷ்டம். அடிக்கடி கொஞ்சமாக வெட்டிக்கொண்டே வந்தால் சதை மெல்லப் பின்வாங்கும். ஆக, வெட்டுவது அவள் நல்லதுக்குத்தான். சந்தேகமே இல்லை.

ஆனால் எங்கள் தெருமுனை டீக்கடையில் படுத்திருக்கும் நாய்களுக்கு யாரும் நகம் வெட்டுவதில்லை. நாள் முழுக்கத் தாரிலும் சிமெண்டிலும் ஓடுகிறார்கள், பள்ளம் தோண்டுகிறார்கள். தரையில் படுகிற நகம் தானாகத் தேய்ந்துவிடுகிறது. மிளகும் அப்படி ஒரு தெருநாய்க்குப் பிறந்தவள்தான். 2021 மழையில் எங்கள் அடுக்குமாடியின் பார்க்கிங்கில் நனைந்துகொண்டிருந்த குட்டியைத் தூக்கி நான்காவது மாடிக்குக் கொண்டுவந்தது நாங்கள். காலையில் இருபது நிமிடம், இரவில் இருபது நிமிடம் நடை. மற்ற நேரமெல்லாம் டைல்ஸ். அந்தத் தரையில் நகம் தேயாது. 'டிக் டிக்' என்று சத்தம் மட்டும் வரும். அந்தச் சத்தத்தைப் பல மாதங்கள் ரசித்திருக்கிறேன், போனில் பதிவுகூடச் செய்து வைத்திருக்கிறேன். நகம் நீண்டுவிட்டது என்று அவள் உடம்பு சொல்லிக்கொண்டிருந்த சத்தம் அது.

அவளுக்கு நகம் வெட்டவேண்டிய தேவையே நான் உண்டாக்கியது. தேவையை உண்டாக்கிவிட்டு, அதைத் தீர்க்கும்போது 'உன் நல்லதுக்குத்தான்' என்கிறேன்.

இதை முன்பே எங்கோ பார்த்திருக்கிறோமே என்று யோசித்தபோது அப்பிச்சி ஞாபகம் வந்தது. அம்மாவுக்கு ஈரோட்டுப் பக்கம். சின்ன வயதில் விடுமுறைக்குப் போகும்போது காளைக்கு லாடம் கட்டுவதைப் பார்த்திருக்கிறேன். காலில் கயிறு போட்டு ஒரு இழுப்பு. அவ்வளவு பெரிய காளை மண் அதிர விழும். நாலு காலையும் சேர்த்துக் கட்டி, குளம்பைச் சீவி, காலுக்கு இரண்டு தகடாக வைத்து ஆணி அடிப்பார்கள். காளையின் கண் வெள்ளை வெள்ளையாகத் தெரியும். நான் அப்பிச்சியின் வேட்டியைப் பிடித்துக்கொண்டு, "வலிக்காதா அப்பிச்சி?" என்று கேட்டேன். "தார் ரோட்டுல நடக்கோணுமல்ல சாமி. இல்லீனா குளம்பு தேஞ்சு போயிரும். அதுக்கு நல்லதுதான்" என்றார். அதுவும் உண்மை. ஆனால் தார் ரோட்டில் பாரம் இழுக்க வேண்டும் என்பது காளையின் விருப்பம் இல்லை.

காளைக்கு லாடம் தேவைப்பட்டது குளம்பு தேய்ந்ததால். மிளகுக்கு வெட்டு தேவைப்பட்டது நகம் தேயாததால். இரண்டுக்கும் காரணம் நாம் போட்ட தரை.

'உன் நல்லதுக்கு' என்று சொல்லி ஒருவரை வற்புறுத்தலாமா என்ற கேள்வியில் ஜான் ஸ்டூவர்ட் மில்லைத் தவிர்க்க முடியாது. 1859இல் வந்த 'ஆன் லிபர்ட்டி'யில் அவர் சொல்லும் பதில் தெளிவானது: ஒரு மனிதரின் சொந்த நன்மை என்பது மட்டும் அவரை வற்புறுத்தப் போதுமான காரணம் ஆகாது. கல்லூரிக் காலத்தில் படித்தபோது விசில் அடிக்காத குறை. அதற்கடுத்த பத்தியில் இருக்கும் விலக்குகளை அப்போது கவனிக்கவில்லை. குழந்தைகளுக்கு இது பொருந்தாது என்கிறார், சரி. 'பின்தங்கிய' சமூகங்களுக்கும் பொருந்தாது. அவர்களை முன்னேற்றுவதற்காக என்றால் எதேச்சாதிகாரமே முறையான ஆட்சிதான் என்கிறார். மில் 1823 முதல் 1858 வரை கிழக்கிந்தியக் கம்பெனியில் வேலை பார்த்தவர். அந்தச் சமூகங்கள் யார் என்று நமக்குச் சொல்லத் தேவையில்லை.

நாயைக் காலனிக்கு உவமையாக்கவில்லை. சொல்ல வருவது ஒன்றுதான். 'இவர்களைக் கேட்க முடியாது, இவர்கள் நல்லதுக்கு நாம்தான் முடிவெடுக்க வேண்டும்' என்று ஒரு பட்டியல் போட்டால், அது நம் வசதிக்கு ஏற்ப நீளும். அதனால் அந்தப் பட்டியலில் உண்மையாகவே இருக்கவேண்டியவர்கள் விஷயத்தில்கூட, அந்த வாக்கியத்தைச் சொல்லும்போது நாக்கு கொஞ்சம் தயங்க வேண்டும்.

3

அந்த இரவுக்குப் பிறகு, நகவெட்டி இருக்கும் டிராயரைத் திறந்தாலே மிளகு கட்டிலுக்கு அடியில் போய்விடுவாள். பிறகு அந்த டிராயரில் வேறு எதை எடுத்தாலும். பிறகு மனைவி கையில் துண்டோடு குளிக்கப் போனாலும்.

இது பாவ்லோவ் பாடம் என்று பள்ளிக்கூடத்தில் படித்தவர்களுக்குத் தெரியும். பள்ளிக்கூடத்தில் சொல்லாதது, அந்த நாய்களின் உடம்பில் அறுவை செய்து துளை போட்டுத்தான் உமிழ்நீரையும் இரைப்பைச் சாற்றையும் அவர் வெளியே சேகரித்தார் என்பது. 1904இல் அவருக்கு நோபல் பரிசு கிடைத்தது செரிமான ஆய்வுக்காக. 1935இல் அவர் முயற்சியில் லெனின்கிராடில் நாய்க்கு ஒரு நினைவுச் சின்னம் எழுப்பப்பட்டது. மிளகின் பயத்தை நான் புரிந்துகொள்ள உதவும் அறிவு முழுக்க, யாரும் அனுமதி கேட்காத நாய்களிடமிருந்து வந்தது.

இன்னொரு ஆய்வு இதைவிட உறுத்தியது. 1967இல் பென்சில்வேனியா பல்கலைக்கழகத்தில் மார்ட்டின் செலிக்மனும் ஸ்டீவன் மேயரும் நாய்களுக்கு மின்னதிர்ச்சி கொடுத்தார்கள். சில நாய்களால் அதை நிறுத்த முடிந்தது. சில நாய்கள் என்ன செய்தாலும் நிற்கவில்லை. பிறகு, சுலபமாகத் தாண்டித் தப்பிக்கக்கூடிய ஒரு கூண்டில் விட்டபோது, இரண்டாவது வகை நாய்களில் பெரும்பாலானவை தப்பிக்க முயலவே இல்லை. படுத்து வாங்கிக்கொண்டன. இதற்குக் 'கற்றுக்கொண்ட நிராதரவு' என்று பெயர் வைத்தார்கள்.

இதைப் படித்தபோது எனக்கு நினைவு வந்தது ஏழாவது நகம் இல்லை, முதல் ஆறு நகங்கள். அந்த ஆறு நகங்களுக்கு மிளகு அசையவில்லை. "பாரேன், எவ்வளவு சமத்தா இருக்கா" என்று நான் சொன்னேன். உதட்டை நக்கிக்கொண்டிருந்தாள், கொட்டாவி விட்டாள், முகத்தைத் திருப்பினாள், கண்ணின் வெள்ளை தெரிந்தது. அதெல்லாம் நாய் 'வேண்டாம்' என்று சொல்லும் விதங்கள். அத்தனையையும் சொல்லி முடித்துவிட்டுத்தான் அசையாமல் இருந்தாள். அதை நான் சம்மதம் என்று எடுத்துக்கொண்டேன்.

என் தொழிலில் இது புதிதில்லை. முன்பு வேலை பார்த்த ஒரு நிறுவனத்தில், பயனரிடம் தகவல் சேகரிக்க அனுமதி கேட்கும் திரையை எழுதியவர்களில் நானும் ஒருவன். 'சரி' என்பது பெரிய நீலப் பொத்தான். 'இப்போது வேண்டாம்' என்பது அடியில் வெளிறிய சாம்பல் எழுத்து. 'வேண்டாம்' என்று ஒரு பொத்தானே கிடையாது. சம்மத விகிதம் கூடியது, எங்கள் குழுவுக்குக் கேக் வெட்டினார்கள். நானும் ஒரு துண்டு சாப்பிட்டேன். மறுக்க வழியில்லாத இடத்தில் கிடைக்கும் சம்மதத்தை அளந்துகொண்டிருந்தோம்.

செலிக்மன், மேயர் கதைக்கு ஐம்பது வருடம் கழித்து ஒரு திருத்தம் வந்தது, அதையும் அவர்களே எழுதினார்கள். 2016இல், மூளையைப் பற்றிச் சேர்ந்த புதிய அறிவை வைத்து, நாங்கள் தலைகீழாகச் சொல்லிவிட்டோம் என்றார்கள். நிராதரவு கற்றுக்கொள்ளப்படுவது இல்லை. தொடர்ந்து துன்பம் வந்தால் ஒடுங்கிப்போவதுதான் உடம்பின் இயல்பான முதல் பதில். கற்றுக்கொள்ளப்படுவது மற்றது: 'என்னால் இதை நிறுத்த முடியும்' என்பது. அதை ஒருமுறை கற்றுக்கொண்ட விலங்கு, பிறகு நிறுத்த முடியாத துன்பம் வந்தாலும் அவ்வளவு சுலபத்தில் ஒடுங்குவதில்லை.

4

அதனால் முதலிலிருந்து ஆரம்பித்தோம். சிராக் படேல் என்ற பயிற்சியாளர் பரவலாக்கிய 'வாளி விளையாட்டு' என்று ஒன்று உண்டு. ஒரு சின்ன வாளியில் தீனி. நாய் வாளியைப் பார்த்துக்கொண்டிருக்கும்வரை நீங்கள் தொடலாம், சீவலாம். பார்வையை விலக்கினால் உடனே நிறுத்திவிட வேண்டும். நாங்கள் அதையே கொஞ்சம் மாற்றி, மடித்த போர்வையின் மேல் தாடையை வைப்பது என்று வைத்துக்கொண்டோம். தாடை போர்வையில் இருந்தால் 'ம்'. தூக்கினால் 'நிறுத்து'.

முதல் வாரம் நகவெட்டி தரையில் சும்மா கிடந்தது, அதன் பக்கத்தில் அவித்த கோழித் துண்டுகள். அடுத்த வாரம் அது கையில் வந்தது. பிறகு பாதத்தைத் தொடுவது, ஒரு விரலைப் பிடிப்பது. வெட்டும் சத்தத்துக்குப் பழக்க, அவிக்காத பாஸ்தாவை அவள் காதுக்குக் கொஞ்சம் தள்ளி வெட்டினேன். அதே 'டக்'. நாற்பது நாள் கழித்து ஒரு நகத்தின் நுனியை, நெல் முனை அளவுக்குச் சீவினேன். அவ்வளவுதான். கடையை மூடியாயிற்று.

ஆரம்பத்தில் மூன்று நொடிக்கு ஒருமுறை தலையைத் தூக்குவாள். நானும் கையை எடுத்துவிடுவேன். சும்மா சோதித்துப் பார்க்கிறாள் என்று தோன்றும். நிஜமாகவே நிற்கிறதா என்று. நிற்கிறது என்று தெரிந்த பிறகு தூக்குவது குறைந்தது.

இதைச் சம்மதம் என்று சொல்ல எனக்குக் கூச்சம். நகம் எதற்கு வெட்டப்படுகிறது என்று அவளுக்குத் தெரியாது. கோழிக்கறி லஞ்சம்தானே என்று நண்பன் கேட்டான், முழுக்க மறுக்க முடியவில்லை. அவளிடம் இருந்தது நிறுத்தும் அதிகாரம். சம்மதத்தைவிடச் சின்ன விஷயம் அது, ஆனால் நிஜமானது.

முன்கால்களுக்கு இன்னொரு வழியும் கண்டுபிடித்தோம். ஒரு பலகையில் உப்புத்தாள் ஒட்டிச் சாய்த்துப் பிடித்தால், மண்ணைப் பறிப்பதுபோல அவளே பிறாண்டுவாள். அவள் நகத்தை அவளே தேய்த்துக்கொள்கிறாள்! நண்பர்கள் வீட்டுக்கு வரும்போதெல்லாம் செய்துகாட்டினேன். ஒரு துளி வற்புறுத்தல் இல்லை என்று பீற்றிக்கொண்டேன். அப்போது அலுவலகத்திலும் வேலை அதிகம். பலகை வேகமான வழி. போர்வைப் பயிற்சி வாரம் ஒருமுறையானது, பிறகு அதுவும் இல்லை.

முன்காலின் உள்பக்கம், சற்று மேலே, தரையைத் தொடாமல் ஒரு கட்டைவிரல் நகம் உண்டு. ஓடுகிற நாய்க்கும் அது சரியாகத் தேயாது. உப்புத்தாளிலும் படாது. வளர்ந்துகொண்டே போய் வளைந்து சதைக்குள்ளேயே திரும்பும். எனக்கு இது தெரியும். எங்கோ படித்து, குறிப்புக்கூட எழுதி வைத்திருந்தேன்.

அம்மா ஊரிலிருந்து வந்திருந்தாள். வந்த மறுநாள் காலை, "ஏங் கண்ணு, இவ ஒரே கால நக்கீட்டே இருக்கறாளே, பாத்தியா?" என்றாள். ரோமத்தை விலக்கிப் பார்த்தேன். நகம் வளையமாகி நுனி தோலுக்குள் போயிருந்தது. சுற்றிலும் சீழ்.

5

கால்நடை மருத்துவர் பார்த்துவிட்டு என்னைத் திட்டவில்லை. "பிடிச்சுக்கங்க" என்றார். வாய்க்குக் கவசம் போட்டோம். உதவியாளர் உடம்பைப் பிடிக்க, நான் தலையைப் பிடித்தேன். வலி மரக்க ஊசி, அந்த ஊசிக்கும் பிடிக்க வேண்டியிருந்தது. இதில் போர்வை இல்லை, வாளி இல்லை. ஒரு கட்டத்தில் அவள் தாடையை என் கைக்குள்ளிருந்து மேலே தூக்கினாள். எங்கள் மொழியில் அதற்கு என்ன பொருள் என்று எனக்குத் தெரியும். அவளுக்கும் தெரியும். நான் கையை எடுக்கவில்லை.

ஆட்டோவில் திரும்பும்போது அம்மாவிடம் இதைச் சொன்னேன். அவளுக்கு என் வருத்தம் வேடிக்கையாக இருந்தது. "உனக்கு மூணு வயசுல நாய் கடிச்சு ஊசி போட்டமே, நாலு பேரு புடிச்சம். உன்னக் கேட்டுட்டா போட்டோம்? கேட்டுட்டு உக்காந்திருந்தா நீ இன்னிக்கு இருப்பியா?"

ரேபிஸ் வந்தால் பிழைப்பது கிட்டத்தட்ட நடக்காத காரியம். அம்மா செய்தது முழுக்கச் சரி. அந்த நாலு பேரில் ஒருத்தருக்காவது தயக்கம் வந்திருந்தால்தான் தப்பு. இதற்கு என்னிடம் பதில் இல்லை, இன்றும் இல்லை. கேட்க முடியாத நேரங்கள் உண்டு. அப்போது பிடிக்கத்தான் வேண்டும்.

ஆனால் இரண்டு அவசரமும் ஒன்றில்லை என்று வீட்டுக்கு வந்த பிறகு தோன்றியது. என்னைக் கடித்த நாய் அம்மாவைக் கேட்டுக்கொண்டு வரவில்லை. மிளகின் நகம் ஒரே நாளில் வளையவில்லை. பல வாரங்கள் என் கண்முன்னால் வளர்ந்தது. அந்த வாரங்களில் எந்த மாலையிலும் பத்து நிமிடம் உட்கார்ந்திருந்தால் அவளிடம் கேட்டிருக்கலாம். கேட்பதற்கான நேரத்தை நான் செலவழித்துத் தீர்த்துவிட்டேன். கடைசியில் கேட்க நேரமில்லை என்ற நிலை வந்தபோது, அந்தக் கணக்கு அவள் உடம்பில் நேரானது.

முதல் இரவும் அதேதான். ஏன் பதினெட்டையும் ஒரே உட்காரலில் முடிக்க நினைத்தேன்? மறுநாள் ரிலீஸ். அந்த வாரம் முழுக்க நேரம் கிடைக்காது. நகத்துக்கு அந்த அவசரம் இல்லை, எனக்குத்தான் இருந்தது.

அதனால் 'இது அவள் நல்லதுக்கா?' என்ற கேள்வியை இப்போதெல்லாம் பெரிதாகக் கேட்டுக்கொள்வதில்லை. அதற்குப் பெரும்பாலும் 'ஆமாம்' என்றுதான் பதில் வரும். லாடத்துக்கும் ஆமாம், நகத்துக்கும் ஆமாம். 'கேட்பதற்கு ஏன் நேரமில்லாமல் போயிற்று, அந்த நேரத்தை யார் எடுத்துக்கொண்டது?' என்று கேட்டால் பதில் அவ்வளவு சுலபமாக வருவதில்லை. பிள்ளைகளை அவசரமாகச் சட்டைக்குள் திணித்துப் பள்ளி வேனில் ஏற்றும் காலைகளிலும், படுக்கையில் இருக்கும் பெரியவர்களைச் சொல்லாமல் கொள்ளாமல் புரட்டிப்போடும் ஆஸ்பத்திரி வார்டுகளிலும் இந்தக் கேள்வியைக் கேட்டுப் பார்க்கிறேன். அங்கேயும் கெட்ட எண்ணம் அதிகம் இல்லை. நேரம்தான் இல்லை. நேரம் இல்லாதபோது, குறைந்த பலம் உள்ளவரின் உடம்பிலிருந்து அதை எடுத்துக்கொள்கிறோம்.

அன்றிரவு மிளகு என் பக்கம் வரவில்லை. அம்மா கூடத்தில் பாய் விரித்துப் படுத்திருந்தாள். அவள் காலடியில் போய்ச் சுருண்டுகொண்டாள். அம்மா தூக்கத்திலேயே அவள் முதுகைத் தடவிக்கொண்டிருந்தாள். காலையில் சொன்னாள்: "உனக்கு ஊசி போட்டன்னிக்கு ராத்திரி பூராம் உன்னத் தோள்ல போட்டு நடந்தேன். ஒரு தடவ கூட எங்கிட்ட வரமாட்டேன்னு முறுக்கீட்டே. விடிஞ்சாத்தான் வந்த." அப்பிச்சியும் லாடம் கட்டி முடிந்ததும் நேராக வண்டியைப் பூட்ட மாட்டார். பருத்திக்கொட்டை ஊறவைத்ததைக் கையில் எடுத்துக் காளைக்குத் தானே ஊட்டுவார். தின்று முடிக்கும்வரை பக்கத்தில் நிற்பார். அவர்களுக்கு இதில் தத்துவக் கேள்வி எதுவும் இருக்கவில்லை. ஆனால் பிடித்ததோடு வேலை முடிந்துவிடவில்லை என்பது தெரிந்திருந்தது.

புண் ஆறட்டும் என்று விட்டுவிட்டு, ஒன்பதாவது நாள் போர்வையை மடித்துத் தரையில் வைத்தேன். நகவெட்டியை எடுக்கவில்லை. மிளகு தூரத்தில் நின்று பார்த்தாள். வந்தாள், தாடையை வைத்தாள், நான் கையை நீட்டியதும் தூக்கினாள். கையை எடுத்துக்கொண்டேன். மறுபடி வைத்தாள். முதல் தடவை ரத்தம் வந்தபோது இப்படிப் பக்கத்தில் வர எத்தனையோ மாதமானது. நடுவில் கற்றுக்கொண்டது ஏதோ அவளிடம் மிச்சம் இருந்திருக்கலாம். நிரூபணம் என்று சொல்லமாட்டேன், ஒரே ஒரு நாய்.

இப்போது ஒரு நாளைக்கு ஒரு நகம். கட்டைவிரல் நகங்கள் இரண்டும் வாரத்தின் முதல் வேலை, பலகைக்கு விடுவதில்லை. பதினெட்டு முடிவதற்குள் முதல் நகம் மறுபடி வளர்ந்திருக்கும். காலண்டரில் இரவு ஒன்பது மணிக்குப் பத்து நிமிடம் போட்டு வைத்திருக்கிறேன். அலுவலகத்தில் யாராவது அந்த நேரத்துக்கு மீட்டிங் வைத்தால், வேறு வேலை இருக்கிறது என்று பதில் அனுப்பிவிடுகிறேன். சில நாட்கள் அவள் தாடையை வைப்பதே இல்லை. போர்வையைப் பார்த்துவிட்டு பால்கனிக்குப் போய்விடுவாள். அன்றைக்கு வெட்டுவதில்லை.